பிரியாம் தட்டத்தில் தேங்கிய தண்ணீர்: ஒரு நிகழ்வு ஆய்வு

2022ஆம் ஆண்டு ஆகஸ்ட் 7ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமை மதியம், கிரீட் தீவில் ஹானியா நகருக்குக் கிழக்கேயுள்ள ஒரு கிராமத்து விருந்தினர் விடுதியில் நான் சமைத்த ஒரு தட்டம் பிரியாம் என்னும் காய்கறி உணவு, பதினான்கு பேர் உட்கார்ந்திருந்த மேசைக்குப் போய், பாதிக்கு மேல் உண்ணப்படாமல் திரும்பி வந்தது. உருளைக்கிழங்கு நறுக்கென்று கடிபட்டது. சுக்கினி என்னும் பிஞ்சுப் பூசணிக்காய் கரண்டி பட்டதும் கூழானது. தட்டத்தைச் சாய்த்து மூலையில் தேங்கிய நீரை அளவுக் குவளையில் வடித்தபோது 850 மில்லி இருந்தது. உருளைக்கிழங்கும் வெங்காயமும் தவிர மற்றக் காய்கள் அன்று காலை தோட்டத்தில் பறித்தவை. ஓவனில் கோளாறு இல்லை. எழுதி வைத்திருந்த செய்முறையை நான் பிசகாமல் பின்பற்றியிருந்தேன். அப்படியிருந்தும் உணவு ஏன் கெட்டது என்பதை அடுத்த நாட்களில் சிறிது சிறிதாகத் தேடிக் கண்டு, 13ஆம் தேதி சனிக்கிழமை அதே குடும்பத்தாருக்கு அதே உணவை மீண்டும் செய்தேன். அந்த ஒரு வாரத்தின் பதிவு இது.

பிரியாம் கிரேக்க நாட்டின் கோடைக்கால வீட்டு உணவு. கத்தரிக்காய், சுக்கினி, உருளைக்கிழங்கு, குடைமிளகாய், வெங்காயம், தக்காளி ஆகியவற்றை நறுக்கி, தாராளமாக ஆலிவ் எண்ணெய் விட்டுப் பிசறி, அகன்ற தட்டத்தில் பரப்பி, ஓவனில் ஒரு மணி நேரத்துக்கு மேல் வேகவிடுவார்கள். 'சுட்டது', 'வறுத்தது' என்று பொருள்படும் ஒரு பாரசீகச் சொல் துருக்கி மொழி வழியாகக் கிரேக்கத்துக்குப் போய் இந்தப் பெயரானது. நம் ஊர்ப் பிரியாணியின் பெயரும் அதே வேரிலிருந்து வந்ததே. கிரீட்டில் இதற்கு நெருங்கிய ஒரு கலவைக் காய் உணவைச் சிம்பெதெரியோ என்கிறார்கள். அதன் பொருளைக் கேட்டபோது, பெண் வீட்டாருக்கும் மாப்பிள்ளை வீட்டாருக்கும் இடையே ஏற்படும் உறவு என்று நீளமாக விளக்கினார்கள். சம்பந்தி என்ற ஒற்றைச் சொல்லோடு வளர்ந்த எனக்கு அந்த விளக்கம் தேவைப்படவில்லை. வெவ்வேறு வீடுகளின் வழக்கங்களோடு வந்தவர்கள் ஒரே பந்தியில் உட்கார வேண்டியிருப்பதுதான் இந்த உணவின் இயல்பு. அதன் சிக்கலும் அங்கேயே இருக்கிறது என்பது எனக்குப் பிறகுதான் புரிந்தது.

காய்களின் பூர்வீகமும் அப்படித்தான். கத்தரிக்காய் ஆசியாவிலிருந்து வந்தது. தக்காளி, உருளைக்கிழங்கு, குடைமிளகாய் மூன்றும் அமெரிக்கக் கண்டத்தைச் சேர்ந்தவை. சுக்கினியின் மூதாதையும் அங்கிருந்து வந்த பூசணி இனமே. இவற்றுள் உருளைக்கிழங்கு கிரேக்கத்துக்குப் பிந்தி வந்த விருந்தாளி. 1828இல் நாட்டின் முதல் ஆட்சித் தலைவராகப் பொறுப்பேற்ற யோவான்னிஸ் கபோதிஸ்த்ரியாஸ் இந்தப் பயிரைப் பரப்ப முயன்றபோது மக்கள் அதைத் தொடவில்லை என்றும், கிழங்குக் குவியலுக்கு அவர் காவல் போட்டுத் திருடுவதைக் கண்டும் காணாமல் விடச் சொன்ன பிறகே ஊரெங்கும் பரவியது என்றும் ஒரு கதை இன்றளவும் சொல்லப்படுகிறது. கதை எப்படியிருந்தாலும், என் தட்டத்திலும் ஒத்துவராமல் நின்றது அந்தக் கிழங்குதான்.

அந்த ஞாயிற்றுக்கிழமை எப்படிப்பட்ட நாள் என்பதையும் சொல்ல வேண்டும். ஆர்த்தடாக்ஸ் திருச்சபையினர் ஆகஸ்ட் 15ஆம் தேதி வரும் மரியன்னையின் விழாவுக்கு முன், 1ஆம் தேதி முதல் 14ஆம் தேதி வரை நோன்பிருக்கிறார்கள். இறைச்சி, முட்டை, பால், பாலாடைக்கட்டி எதுவும் கூடாது. கண்டிப்பாக இருப்பவர்கள் வாரநாட்களில் எண்ணெயையும் விலக்குவார்கள். சனி, ஞாயிறுகளில் மட்டும் எண்ணெயும் திராட்சை மதுவும் உண்டு. நோன்பு வருகிற அந்த இரண்டு வாரங்களில்தான் கிரீட்டின் தோட்டங்களில் கத்தரியும் சுக்கினியும் தக்காளியும் கொட்டிக் கிடக்கும். மற்ற நாட்களில் பிரியாம் சற்றுப் பிசகினாலும் மேலே ஃபேட்டா பாலாடைக்கட்டியை உதிர்த்துப் போட்டால், அதன் உப்பும் கொழுப்பும் குறையை மூடிவிடும். நோன்பு மேசையில் அந்த வசதி கிடையாது. காயும் எண்ணெயும் பார்லி ரஸ்க்கும் மட்டுமே இருக்கும்.

அன்று நான் செய்தது இதுதான். 1.2 கிலோ உருளைக்கிழங்கு, தலா ஒரு கிலோ சுக்கினியும் தக்காளியும், 800 கிராம் கத்தரிக்காய், வெங்காயமும் குடைமிளகாயும் தலா 300 கிராம், ஆக மொத்தம் 4.6 கிலோ காய். சுக்கினியை அரை சென்டிமீட்டர் கனத்திலும், உருளைக்கிழங்கை ஒன்றரை சென்டிமீட்டர் கனத்திலும் நறுக்கினேன். தக்காளியைத் துருவிச் சேர்த்தேன். 200 மில்லி எண்ணெய், பூண்டு, பார்ஸ்லி, ஓரிகானோ, உப்பு எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டுப் பிசறி, 40 சென்டிமீட்டர் நீளமும் 30 அகலமும் 7 ஆழமும் கொண்ட ஒரே தட்டத்தில் விளிம்பு வரை நிரப்பினேன். அடிப்பிடிக்காமல் இருக்க ஒரு குவளை தண்ணீர் விடும்படி செய்முறையில் இருந்தது. 250 மில்லி விட்டேன். அலுமினியத் தாளால் இறுக மூடி 180 டிகிரியில் ஒரு மணி நேரம், பிறகு மூடியை எடுத்து அரை மணி நேரம். ஓவனிலிருந்து எடுத்து இருபது நிமிடத்தில் பரிமாறினோம்.

சமையலறைக்குப் பொறுப்பான அம்மையார் அறுபதைத் தாண்டியவர். நாங்கள் அனைவரும் அவரைக் கிரியா என்றுதான் அழைப்போம். அம்மணி என்பது போன்ற மரியாதைச் சொல் அது. திரும்பி வந்த தட்டத்தை அவர் ஒரு கையால் சாய்த்துப் பார்த்துவிட்டு, "தண்ணீர் தெரிகிறது, பிள்ளை, எண்ணெய் எங்கே?" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. ஆனால் அந்தக் கேள்விக்குப் பதில் தெரியாமல் அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. ஊற்றியது 200 மில்லி எண்ணெய். அது எங்கும் போயிருக்க முடியாது. நீரின் மேல் மிதந்துகொண்டிருந்தது; காயின் மேல் படியவில்லை.

கிரேக்கத்தில் இவ்வகை உணவுகளுக்கு லாதெரா என்று பெயர். எண்ணெயில் சமைத்தவை என்று பொருள். இவை எப்போது பக்குவமாயின என்பதைச் சொல்ல அங்குள்ள சமையல்காரர்கள் பயன்படுத்தும் தொடர், 'தன் எண்ணெயோடு மட்டும் நிற்கும் வரை' என்பது. 'எண்ணெய் பிரிந்து வரும் வரை' என்று நாம் தொக்குக்கும் குழம்புக்கும் சொல்லும் அதே பக்குவம்தான். நீர் ஆவியாகிப் போனால்தான் எண்ணெய் பிரியும். ஆகவே என் முதல் கணக்கு நீரைப் பற்றியதாக இருந்தது.

நல்ல சுக்கினியில் நூற்றுக்கு 95 பங்கு நீர். தக்காளியிலும் ஏறக்குறைய அதே அளவு. கத்தரியிலும் குடைமிளகாயிலும் 92, 93. வெங்காயத்தில் 89. உருளைக்கிழங்கில் 79. நான் நிறுத்துப் போட்ட 4.6 கிலோவுக்கு இந்த விகிதங்களைப் பொருத்திக் கூட்டினால் 4.1 கிலோ வருகிறது. அதாவது தட்டத்தில் நான் வைத்தது, காய் வடிவத்தில் நின்றுகொண்டிருந்த நான்கு லிட்டர் நீர். அதன் மேல் இன்னொரு கால் லிட்டரை நானே ஊற்றியிருக்கிறேன். அதோடு நிற்காமல், உப்பைத் தட்டத்திலேயே தூவிப் பிசறியதால், ஓவனில் வைக்கும் முன்பே காய்கள் நீரைக் கசியத் தொடங்கியிருந்தன. குளிர்சாதனப் பெட்டியில் நான்கு நாள் வாடிய காயாக இருந்திருந்தால் நிலைமை சற்று மேலாகவே இருந்திருக்கும். காலையில் பறித்த காய் என்று நான் பெருமைப்பட்டுக்கொண்ட அந்தப் புதுமையே நீரின் அளவைக் கூட்டியது.

இந்த நீர் வெளியேற வழி இருந்ததா என்பது அடுத்த கேள்வி. 20 டிகிரியில் இருக்கும் ஒரு கிலோ நீரைக் கொதிநிலைக்கு ஏற்றி முழுவதும் ஆவியாக்க ஏறத்தாழ 2,600 கிலோஜூல் வெப்பம் வேண்டும். 2.5 கிலோவாட் ஓவனின் முழு வெப்பமும் நீருக்கே போனாலும் இதற்குப் பதினேழு நிமிடம் ஆகும். உண்மையில் சிறு பங்குதான் போகிறது, ஆகவே ஒரு கிலோ நீர் போக இரண்டு மணி நேரம்கூட ஆகலாம். நான் தாளால் மூடிய முதல் ஒரு மணி நேரத்தில் ஆவி மேலே மோதித் திரும்பத் தட்டத்துக்குள்ளேயே விழுந்திருக்கிறது. 7 சென்டிமீட்டர் ஆழத்துக்கு அடைத்திருந்ததால், மூடியை எடுத்த பின்னும் மேல் அடுக்கு மட்டுமே உலர்ந்தது. ஓவனில் வைக்கும் முன் 5.03 கிலோவாக இருந்த உணவு, எடுக்கும்போது 4.62 கிலோவாக இருந்தது. ஒன்றரை மணி நேரத்தில் நானூறு கிராம்தான் போயிருக்கிறது. நீர் இருக்கும் வரை காயின் வெப்பம் 100 டிகிரியைத் தாண்டாது. தாண்டாதவரை அது சிவக்காது, சிவக்காதவரை சுட்ட வாசனையும் வராது. பெயரில் சுட்டது என்றிருக்கும் உணவை நான் அவித்திருந்தேன்.

நீர் தேங்கியதற்கு இது போதுமான விளக்கம். ஆனால் உருளைக்கிழங்கு வேகாததற்கு இது விளக்கமல்ல. அவ்வளவு நீரில், அவ்வளவு ஆவியில் ஒன்றரை மணி நேரம் கிடந்த கிழங்கு குழைந்திருக்க வேண்டும். முதலில் கிழங்கின் வகையைக் குறை சொன்னேன். கிழங்குக்குப் பேர்போன லசித்தி பீடபூமியிலிருந்து வந்த மூட்டை அது. அதே மூட்டையிலிருந்து எடுத்து முந்தின நாள் வேகவைத்த கிழங்கு இருபத்தைந்து நிமிடத்தில் மாவாக உதிர்ந்திருந்தது. நறுக்கிய கனம் அதிகம் என்றும் நினைத்தேன். அதில் ஓரளவு உண்மை இருந்தது, முழு உண்மை இல்லை.

திங்கட்கிழமை காலை, பாத்திரம் கழுவிக்கொண்டிருக்கும்போது, எங்கள் வீட்டுச் சமையலறையில் சிறு வயது முதல் கேட்ட ஒரு வாக்கியம் நினைவுக்கு வந்தது. புளி கரைத்து ஊற்றிவிட்டால் காய் வேகாது. சாம்பாரிலும் புளிக்குழம்பிலும் காயை முதலில் முக்கால் பதம் வேகவிட்டுப் பிறகே புளி சேர்க்க வேண்டும் என்பதும், பருப்பைத் தனியாகக் குழைத்துக்கொள்ள வேண்டும் என்பதும் தமிழ்நாட்டில் சமையலறைக்குள் நுழையும் எவருக்கும் முதல் வாரத்தில் சொல்லித் தரப்படுகிற பாடம். எனக்கும் அது கைப்பழக்கமாகவே இருந்தது. ஆனால் புளி என்றால் புளியாகவே நினைத்துக்கொண்டிருந்தேன். துருவிய தக்காளியும் அதே வேலையைச் செய்யும் என்பதை, கடல் கடந்து வந்து வேறொரு நாட்டின் உணவைச் செய்தபோது கவனிக்கத் தவறிவிட்டேன்.

அது சரிதானா என்று பார்க்க அன்றே ஒரு சிறு சோதனை செய்தேன். ஒரே கிழங்கு மூட்டை, ஒரே சென்டிமீட்டர் கனம், தலா 200 கிராம், மூன்று கிண்ணங்கள். முதல் கிண்ணத்தில் கொதிநீர். இரண்டாவதில் சூடாக்கிய துருவிய தக்காளி. மூன்றாவதில் இரண்டு மேசைக்கரண்டி வினிகர் கலந்த கொதிநீர். மூன்றையும் மூடி, 180 டிகிரியில் ஒரே தட்டில் வைத்து, ஐம்பது நிமிடம் கழித்து எடுத்தேன். கொதிநீர்க் கிழங்கில் கத்தி தானாக இறங்கியது. தக்காளிக் கிழங்கில் ஓரம் இளகி நடுவில் கத்தி நின்றது. வினிகர்க் கிழங்கு துண்டு கலையாமல், முனை மழுங்காமல், வைத்தது வைத்தபடி இருந்தது. சோதனையில் எண்ணெய் இல்லாததால் வாரநாள் நோன்பிலிருந்த கிரியாவும் மூன்றையும் வாயில் போட்டுப் பார்த்தார். இரண்டாவது கிண்ணத்தை மென்று முடித்து, "ஞாயிற்றுக்கிழமைக் கிழங்கு" என்று சொல்லிக் கிண்ணத்தைக் கீழே வைத்தார்.

நடப்பது இதுதான். காயின் செல்களை ஒன்றோடொன்று ஒட்டிவைத்திருப்பது பெக்டின் என்னும் பசைப்பொருள். வெப்பத்தில் அது கரைந்து விடுபடும்போதுதான் காய் மென்மையாகிறது. நடுநிலை நீரில் இது விரைவாக நடக்கும். புளிப்பு ஏற ஏற மெதுவாகும். நல்ல தக்காளிச் சாற்றின் அளவுக்குப் புளிப்பு இருக்கும்போது பெக்டின் மிகப் பிடிவாதமாக நிற்கும். கிழங்கினுள் இருக்கும் மாவுச்சத்து எழுபது டிகிரிக்குள் வெந்துவிடுவதால், பார்வைக்குக் கிழங்கு வெந்ததுபோல் பளபளக்கும், கடித்தால் மட்டும் நறுக்கென்னும். மேசையில் இருந்தவர்கள் முதலில் கிழங்கை எடுத்துக் கடித்துவிட்டுத் திகைத்தது அதனால்தான்.

இங்கே ஒரு நியாயமான கேள்வி எழும். கிழங்கைக் காத்த அதே புளிப்பு சுக்கினியை ஏன் காக்கவில்லை? காத்தது, ஆனால் போதவில்லை. சுக்கினியின் திசு அவ்வளவு மென்மையானது; தனியாக வதக்கினால் ஐந்து நிமிடத்தில் தளர்ந்துவிடும் காயை அரை சென்டிமீட்டர் வில்லையாக்கி, மூடிய ஆவியில் ஒன்றரை மணி நேரம் வைத்தால், வேகம் எவ்வளவு குறைந்தாலும் கூழாகத்தான் செய்யும். மெல்ல வேகும் காயைக் கனமாகவும் விரைவில் வேகும் காயை மெல்லியதாகவும் நறுக்கிய என் கத்தியின் தவறு இது. புளிப்பின் மேல் பழிபோட முடியாது.

இந்தச் செய்முறை தலைமுறைகளாகப் பலருக்கு நன்றாக வந்திருக்கிறதே, எனக்கு மட்டும் ஏன் இப்படி என்று கிரியாவிடம் கேட்டேன். அவர் சொன்ன விவரம் எனக்கு மிக முக்கியமாகப் பட்டது. அவருடைய இளமையில் ஊரில் பெரும்பாலான வீடுகளில் ஓவன் கிடையாது. தட்டத்தில் காயை அடுக்கி, ஃபூர்னோஸ் எனப்படும் ஊர் ரொட்டிக் கடைக்குத் தூக்கிக்கொண்டு போவார்கள். விடியற்காலையில் ரொட்டி சுட்டு முடிந்த விறகடுப்பின் செங்கல் வயிற்றில், மெல்லத் தணிந்துகொண்டே வரும் வெப்பத்தில், வட்டமான தாழ்ந்த தட்டங்கள் மூடியில்லாமல் மூன்று நான்கு மணி நேரம் கிடக்கும். ஆலயத்திலிருந்து திரும்பும் வழியில் அவரவர் தட்டத்தை எடுத்துச் செல்வார்கள். அவ்வளவு நேரம் கிடைத்தால் புளிப்பில் நிற்கும் கிழங்கும் இணங்கிவிடும். அவ்வளவு அகன்ற தாழ்ந்த தட்டத்தில் நீரும் வற்றிவிடும். நீண்ட நேரம் கருகாமல் இருக்க ஒரு குவளை தண்ணீரும் தேவைப்படும். நான் பின்பற்றிய செய்முறையில் அந்தக் குவளைத் தண்ணீர் மட்டும் மிஞ்சி, அதற்குக் காரணமான அடுப்பும் நேரமும் கழன்று போயிருந்தன. எழுதப்பட்ட சமையல் குறிப்புகளில் இத்தகைய எச்சங்கள் ஏராளமாக இருக்கின்றன என்றே நினைக்கிறேன். அடுப்பு மாறும்போது குறிப்பைத் திருத்துவோர் குறைவு.

செவ்வாய் முதல் வியாழன் வரை பணியாளர் உணவுக்காக அளவில் பாதியாக மூன்று தட்டங்கள் செய்தேன். எண்ணெய் சேர்ந்தவை என்பதால் கிரியா இவற்றைச் சுவைக்கவில்லை. பார்த்தும், முகர்ந்தும், கத்தியால் குத்தியும் தீர்ப்புச் சொன்னார். செவ்வாயன்று ஊற்றும் தண்ணீரையும் தாள் மூடியையும் மட்டும் நீக்கினேன். தேங்கிய நீர் 210 மில்லியாகக் குறைந்தது. கிழங்கு அப்படியே கடினமாக இருந்தது. நீரும் கிழங்கும் இரண்டு தனித்தனிச் சிக்கல்கள் என்பது அதில் உறுதியானது. புதன்கிழமை கிழங்கைத் தக்காளி இல்லாமல் எண்ணெயும் உப்பும் சேர்த்து முன்னதாக வேகவைத்துவிட்டு மற்றவற்றைச் சேர்த்தேன். கிழங்கு அருமையாக வந்தது. ஆனால் உப்பிடாமல் போட்ட கத்தரிக்காய், தட்டத்தில் இருந்த எண்ணெயையெல்லாம் உறிஞ்சிக்கொண்டு மற்றக் காய்களைக் காயவிட்டது. கத்தரியின் சதை பஞ்சுபோல் காற்றறைகள் நிறைந்தது; உப்பிட்டு அரை மணி நேரம் வைத்துப் பிழிந்தால் அந்த அறைகள் அமுங்கி, நீரும் சிறிது வெளியேறி, எண்ணெய் குடிக்கும் பழக்கம் பெருமளவு குறைகிறது. கசப்பைப் போக்கத்தான் உப்பிடுகிறோம் என்று பலர் எண்ணுகிறார்கள். இன்றைய கத்தரி வகைகளில் கசப்பு அரிது, உப்பின் பயன் இதுவே. வியாழனன்று நேரத்தைச் சுருக்கும் ஆசையில் 220 டிகிரிக்கு ஏற்றினேன். மேலே பரப்பிய தக்காளிக் கூழ் கருகி, முழுத் தட்டமும் கசந்தது. வெள்ளிக்கிழமை ஓவனைத் தொடவில்லை.

சனிக்கிழமை காய்களின் எடை ஒரு கிராமும் மாறவில்லை. மாறியது தட்டங்களின் எண்ணிக்கையும் வரிசையும்தான். அதே அளவுள்ள இரண்டு தட்டங்களை எடுத்து, ஒவ்வொன்றிலும் காய் இரண்டு அடுக்குக்கு மேல் போகாதபடி பார்த்துக்கொண்டேன். கிழங்கை ஒரு சென்டிமீட்டர் கனத்தில் நறுக்கி, வெங்காயம், உப்பு, ஓரிகானோ, 100 மில்லி எண்ணெயோடு பிசறி, 200 டிகிரியில் இருபத்தைந்து நிமிடம், நடுவில் ஒருமுறை புரட்டிவிட்டு வேகவைத்தேன். ஓரங்கள் பொன்னிறமாகி, கத்தி இறங்கியது. இதற்கிடையில் மூன்று சென்டிமீட்டர் துண்டுகளாக்கி உப்பிட்டிருந்த கத்தரிக்காயை நாற்பது நிமிடத்துக்குப் பின் கையால் அழுத்தினேன். 120 மில்லி பழுப்பு நீர் வந்தது. அதைக் கொட்டிவிட்டு, கத்தரியையும் குடைமிளகாயையும் இன்னும் 100 மில்லி எண்ணெயோடு கிழங்கின் மேல் பரப்பி, மேலும் இருபது நிமிடம் விட்டேன்.

தக்காளியில் 700 கிராமை அங்குள்ள வழக்கப்படி இரண்டாக வெட்டி, வெட்டிய பக்கத்தைத் துருவியில் தேய்த்து, தோல் மட்டும் உள்ளங்கையில் மிஞ்சும்படி கூழாக்கி, பூண்டும் 50 மில்லி எண்ணெயும் சேர்த்து அடுப்பின் மேல் பாதியாக வற்றவைத்தேன். ஓவனில் இரண்டு மணி நேரம் ஆகக்கூடிய வேலையை அகன்ற வாணலி பதினைந்து நிமிடத்தில் முடித்துவிடுகிறது. இரண்டரை சென்டிமீட்டர் கனத்தில் நறுக்கிய சுக்கினி கடைசியாகத்தான் தட்டத்துக்குள் போனது. அதன் மேல் வற்றிய தக்காளி, அதன் மேல் மீதி 300 கிராம் தக்காளி வில்லைகள், கடைசி 50 மில்லி எண்ணெய். வெப்பத்தை 190 டிகிரிக்குக் குறைத்து, மூடாமல் நாற்பது நிமிடம். இருபதாவது நிமிடத்தில் மேல் தட்டத்தைக் கீழும் கீழ்த் தட்டத்தை மேலும் மாற்றினேன். இந்தக் கட்டத்தில் தக்காளியின் புளிப்பு எனக்கு வேலை செய்தது. ஏற்கெனவே வெந்துவிட்ட கிழங்கு மேலும் குழைந்து உதிராமல் அது பிடித்து வைத்தது. ஞாயிற்றுக்கிழமை என்னைத் தோற்கடித்த அதே குணம், முக்கால் மணி நேரம் பிந்தி நுழைந்தபோது காவலாகிவிட்டது.

எண்ணெய் 200லிருந்து 300 மில்லியாகக் கூடியிருப்பதை ஒருவர் குறையாகச் சொல்லலாம். பதினான்கு பேருக்கு வகுத்தால் ஆளுக்கு ஒன்றரை மேசைக்கரண்டிக்குக் குறைவு. அந்த மேசையில் வேறு கொழுப்பு எதுவும் இல்லை. லாதெரா உணவில் எண்ணெய்தான் குழம்பு. கிரீட்டில் பெரும்பாலும் விளையும் கொரொனெய்க்கி என்னும் சிறு ஆலிவ் வகையின் எண்ணெய்க்குச் சற்றுக் காரமும் கசப்பும் உண்டு. வற்றிய தக்காளியோடு சேரும்போது அது தனியாகத் தெரியும். அதைக் குறைத்துச் செய்வதைவிட, இந்த உணவை விட்டு வேறொன்றைச் செய்வது நல்லது என்பது என் கருத்து.

பரிமாறும் நேரம் கடைசித் திருத்தம். ஓவனை அணைத்து, கதவைச் சிறிது திறந்து வைத்து, ஒன்றேகால் மணி நேரம் விட்டேன். பிரியாம் கொதிக்கக் கொதிக்க உண்ணும் உணவல்ல. வெதுவெதுப்பாகவோ ஆறியோ உண்பதே வழக்கம். ஆறும்போது, வெளியில் நிற்கும் சாற்றைக் கிழங்கும் கத்தரியும் உள்ளே இழுத்துக்கொள்கின்றன. எஞ்சிய சாறு இறுகுகிறது. கணக்குப்படி வற்றிய தக்காளியும் பிழிந்த கத்தரியும் எண்ணெயும் சேர்த்து 4.41 கிலோ காய் இரண்டு தட்டங்களுக்குள் போயிருந்தது. வெளியே வந்தது 3.05 கிலோ. ஒரு கிலோவுக்கு மேல் நீர் காற்றோடு போயிருந்தது.

அன்று சனிக்கிழமை, எண்ணெய்க்கு அனுமதி உள்ள நாள். மேசைக்குப் போகும் முன் கிரியா தட்டத்தைப் போன வாரம் போலவே ஒரு கையால் சாய்த்தார். மூலையில் சிவந்த எண்ணெய் மெல்ல வழிந்து சேர்ந்தது; அதனடியில் நீர்க்கோடு இல்லை. ஒரு பார்லி ரஸ்க்கை உடைத்து அதில் தொட்டு, ஒரு துண்டுக் கிழங்கை அதன் மேல் வைத்து உண்டார். "கிழங்கைத் தண்ணீரில் வேகவைத்தாயா?" என்று கேட்டார். இல்லை, எண்ணெயிலேயே முதலில் ஓவனில் வைத்தேன் என்றேன். இன்னொரு துண்டை எடுத்துக்கொண்டார்.

பதினான்கு பேர் உண்டு முடித்தபோது ஒரு தட்டம் காலியாகவும் மற்றொன்றில் ஒரு மூலையளவு மீதியும் இருந்தது. அந்த மீதியை மறுநாள், நோன்பின் கடைசி நாளில், குளிர்ந்தபடியே கிரியாவும் நானும் உண்டோம். சுக்கினித் துண்டுகள் வடிவம் குலையாமல் இருந்தன. குடைமிளகாயின் தோல் மட்டும் இன்னும் சற்றுத் தடித்திருந்தது. அதை முன்கூட்டியே தீயில் வாட்டி உரித்துச் சேர்த்துப் பார்க்க வேண்டும் என்று குறிப்பேட்டில் எழுதி, அதன் கீழே தேதியிட்டு வைத்திருக்கிறேன்.